நான்காவது இருக்கை

நுழையும் முன்

• உங்கள் எதிர்வீட்டில் வசிப்போரின் பெயர் என்ன? அவர்களுடைய தாய்மொழி எது?
• ஊரிலிருந்து வரும் தாத்தாவோ பாட்டியோ உங்கள் வீட்டில் பகற்பொழுதை எவ்வாறு கழிக்கிறார்கள்?

இவ்விரு வினாக்களுக்கும் உரிய விடைகளைக் குறிப்பேட்டில் எழுதி வைத்துக்கொண்டு பாடத்தைப் படிக்கத் தொடங்குக.

மூவர் இருக்கையில் நால்வர்

காலை எட்டு மணி. பன்வேலிலிருந்து வரும் ஹார்பர் தடத்து மின்சார ரயில் வாஷி நிலையத்தில் நிற்கிறது. அது நிற்கும் நேரம் சில நொடிகளே. அதற்குள் பெருங்கூட்டம் ஏறிவிடுகிறது. பெட்டியில் உள்ள நீள் இருக்கை மூவர் அமர்வதற்காக அமைக்கப்பட்டது. ஆயினும், மும்பையில் அதில் நால்வர் அமர்வது வழக்கம். நான்காமவர் அருகில் வந்து நின்றதும், அமர்ந்திருக்கும் மூவரும் சன்னல் பக்கமாகச் சற்றே நகர்கின்றனர். வந்தவர் இருக்கையின் விளிம்பில் அமர்ந்துகொள்கிறார். இதற்குச் சட்டமும் இல்லை. அறிவிப்புப் பலகையும் இல்லை. வந்தவர் எந்த ஊரினர், என்ன மொழியினர் என்று எவரும் வினவுவதும் இல்லை.

நாள்தோறும் ஒரே வண்டியில் ஒரே பெட்டியில் செல்வோர், காலப்போக்கில் ஒரு குழுவாகிவிடுகின்றனர். இருக்கை கிடைத்தவர் பாதி வழியில் எழுந்து, நிற்கும் நண்பருக்கு இடம் தருகிறார். ஒருவர் இரண்டு நாள் வரவில்லையெனில், மூன்றாம் நாள் மற்றவர்கள் தொலைபேசியில் நலம் கேட்கின்றனர். மாலையில் மகளிர் பெட்டியில் வீடு திரும்பும் பெண்கள் பேசிக்கொண்டே கீரை ஆய்கின்றனர், பட்டாணி உரிக்கின்றனர். தசராவின்போது பெட்டிக்கு மாலையும் தோரணமும் கட்டி, இனிப்பு வழங்குகின்றனர்.

இவ்வாறு பயணம் செய்யும் ஒருவர் மாலையில் வாஷிக்குத் திரும்புகிறார் எனக் கொள்வோம். அவர் தம் குடியிருப்பின் மின்தூக்கியில் ஏறுகிறார். உடன் ஏறியவர் கைப்பேசியைப் பார்க்கிறார். இவரும் தம் கைப்பேசியைப் பார்க்கிறார். ஏழாவது மாடியில் இருவரும் இறங்கி, எதிரெதிர்க் கதவுகளைத் திறந்து உள்ளே செல்கின்றனர். கதவுகள் மூடிக்கொள்கின்றன. பல ஆண்டுகள் எதிரெதிரே வாழ்ந்தும் ஒருவர் பெயரை மற்றவர் அறியார்.

ரயிலில் முன்பின் அறியாதவருக்கு இடம் தந்தவர், தம் வீட்டு வாயிலில் ஏன் அயலாராகிவிடுகிறார்? இவ்வினாவிற்கு விடை காண, வாஷி உருவான வரலாற்றை அறிதல் வேண்டும்.

கடற்கழிக்கு அப்பால் ஒரு நகரம்

மும்பை மூன்று பக்கமும் நீரால் சூழப்பட்ட நகரம். மக்கள் தொகை பெருகியபோது அது விரிவதற்கு இடம் இல்லை. கிழக்கே கடலைக் கடந்து, பெருநிலப்பரப்பில் புதியதொரு நகரை அமைக்கலாம் என்னும் திட்டத்தை 1965-இல் மூவர் முன்வைத்தனர். கட்டடக் கலைஞர்களான சார்லஸ் கொரியா, பிரவீணா மேத்தா ஆகியோரும் பொறியாளரான சிரீஷ் பட்டேலும் அம்மூவர் ஆவர். மகாராட்டிர அரசு அதனை ஏற்று, 1970-இல் சிட்கோ என்னும் நிறுவனத்தை ஏற்படுத்தியது. நவி மும்பையில் முதலில் வளர்ச்சி பெற்ற பகுதிகளுள் ஒன்று வாஷி. 1973-இல் தாணே கடற்கழியின் மீது சாலைப்பாலம் திறக்கப்பட்டது. 1992-இல் மான்கூர்டிலிருந்து வாஷிக்கு ரயில் வந்தது.

அகன்ற சாலைகளும் 'செக்டர்' எனப்படும் பிரிவுகளும் பூங்காக்களும் கொண்ட இந்நகருக்கு, மும்பையின் பழைய பகுதிகளிலிருந்து தமிழ்க் குடும்பங்கள் பலவும் வந்தன. அவற்றுள் சில தாராவியிலிருந்தும், சில மாட்டுங்காவிலிருந்தும், சில செம்பூரிலிருந்தும் வந்தவை.

இழந்ததும் பெற்றதும்

தாராவியில் தமிழர் குடியேறிய வரலாறு நூறாண்டுகளுக்கும் மேற்பட்டது. தோல் பதனிடும் தொழிலுக்காகத் தமிழகத்திலிருந்து வந்தவர்கள் அவர்களுள் முன்னோடிகள். திருநெல்வேலிப் பகுதியினர் பெருந்தொகையாக வந்து சேர்ந்தனர். இன்றும் பொங்கல் நாளில் அங்குள்ள தெருக்களில் பெண்கள் வரிசையாக அடுப்பு மூட்டிப் பொங்கலிடுவதைக் காணலாம். மாட்டுங்காவில் குடியேறிய தென்னிந்தியர் கோயில்களையும் உணவகங்களையும் ஏற்படுத்தினர். 1932-இல் தென்னிந்தியக் கல்விச் சங்கத்தையும் தொடங்கினர். செம்பூரில் இசைக்கும் நடனத்திற்குமான நுண்கலைக் கழகம் 1962-இல் உருவாயிற்று. ஊரை விட்டு வந்தவர்கள் ஒன்றுகூடுவதற்கு இடங்களைத் தாமே உண்டாக்கிக்கொண்டனர்.

மும்பையில் உழைப்பாளர் பலர் வாழ்ந்த கட்டடம் 'சால்' எனப்படும். ஒரு குடும்பத்திற்கு ஓர் அறை. எல்லா அறைகளின் முன்னும் ஓடும் ஒரே நீண்ட தாழ்வாரம். அனைவருக்கும் பொதுவான குழாய். தண்ணீர் பிடிக்க வரும் பெண்கள் நாள்தோறும் ஒருவரையொருவர் கண்டனர். ஒரு வீட்டுக் குழந்தையின் காய்ச்சல் அடுத்த வீட்டிற்குத் தெரியாமற் போகாது. தமிழகச் சிற்றூர்களில் திண்ணை செய்த பணியை இங்குத் தாழ்வாரம் செய்தது.

ஆனால், அந்த வாழ்க்கை இனிமை மட்டுமே நிறைந்தது எனக் கருதுதல் பிழை. ஓர் அறையில் ஆறு பேர் உறங்க வேண்டும். கழிவறைக்கு வரிசையில் நிற்க வேண்டும். படிக்கும் பிள்ளைக்குத் தனி மூலை கிடைக்காது. ஒரு வீட்டுச் சண்டையை எல்லா வீட்டாரும் கேட்பர். எனவேதான் மக்கள் சிறுகச் சிறுகச் சேமித்து, வங்கியில் கடன் பெற்று, வாஷி போன்ற இடங்களில் வீடு வாங்கினர். வீட்டிற்குள்ளேயே குழாயும் கழிவறையும், பிள்ளைகளுக்குத் தனி அறையும் பெற்றனர். அவர்கள் செய்தது சரியே. எனினும், பொதுக்குழாயடியில் தண்ணீரோடு மற்றொன்றும் கிடைத்து வந்தது. பிறரை நாள்தோறும் தற்செயலாகச் சந்திக்கும் வாய்ப்பே அது. புதிய வீட்டின் வரைபடத்தில் அதற்கு இடம் இல்லாமற் போயிற்று.

ஏழாவது மாடியில் ஓர் ஆச்சி

அத்தகைய ஒரு வீட்டை எண்ணிப் பார்க்கலாம். தாத்தா மறைந்தபின், திருநெல்வேலிப் பக்கத்துச் சிற்றூரிலிருந்து ஆச்சி மகன் வீட்டிற்கு வந்து ஓராண்டு ஆகிறது. காலை ஏழு மணிக்குப் பேரன் பள்ளிக்குச் செல்கிறான். எட்டு மணிக்கு மகன் புறப்படுகிறார்; ஒன்பது மணிக்கு மருமகள். அதன்பின் மாலை வரை வீட்டில் கேட்பவை மின்விசிறியின் ஓசையும் தொலைக்காட்சியின் குரலும்தான். அழைப்பு மணி ஒலித்தால், பொட்டலம் கொண்டுவந்த இளைஞர் இந்தியில் ஏதோ கேட்கிறார். ஆச்சிக்குப் புரிவதில்லை.

மாலையில் பேரன் வருகிறான். ஆச்சி கேட்பது அவனுக்குப் புரியும். ஆனால், விடை இந்தியிலோ ஆங்கிலத்திலோ வரும். தொடக்கத்தில் ஆச்சி ஊர்க்கதைகளைச் சொன்னார். பாதிச் சொற்கள் பேரனுக்கு விளங்கவில்லை. நாளடைவில் அவருடைய பேச்சு சுருங்கியது. "சாப்பிட்டாயா?", "விளக்கை அணைத்துவிட்டுத் தூங்கு" என்னும் அளவில் நின்றது.

ஊரிலிருந்து உறவினர் தொலைபேசியில் அழைத்தால், "எனக்கென்ன குறை, மகராசியாக இருக்கிறேன்" என்றே ஆச்சி சொல்வார். ஒருநாள் இரவு, தம் மகனிடம் அவர் தாழ்ந்த குரலில் பேசியதைப் பேரன் கேட்டான்.

"என்னை ஊருக்கே அனுப்பிவிடு ஐயா. அங்கே வீடு பூட்டித்தான் கிடக்கிறது. ஆனாலும் தெருவில் போகிறவர்கள் 'என்ன ஆச்சி' என்று கேட்பார்கள்."

மகனுக்கு விடை சொல்லத் தெரியவில்லை. ஆச்சிக்கு உணவுக்குக் குறைவில்லை, மருந்துக்கும் குறைவில்லை. அவருக்குப் பேச்சுத்துணை இல்லை.

தனிமை இருவகை

தனித்திருத்தல் வேறு, தனித்துவிடப்படுதல் வேறு. படிப்பதற்கும் சிந்திப்பதற்கும் இசை பயில்வதற்கும் ஒருவர் விரும்பித் தனித்திருக்கலாம். அது நன்மையே. தாம் விரும்பும் உறவு கிடைக்காமையால் உண்டாகும் வருத்தமே தனிமைத்துயர். அது கூட்டத்தின் நடுவிலும் வரும்; நிறைந்த வீட்டிலும் வரும்.

உலக நாடுகள் இத்துயரை இன்று உடல்நலம் சார்ந்த செய்தியாகவே நோக்குகின்றன. பிரிட்டன் 2018-இலும் ஜப்பான் 2021-இலும் இதனைக் கவனிப்பதற்கென அமைச்சர்களை நியமித்தன. உலக நலவாழ்வு அமைப்பு 2025-இல் வெளியிட்ட அறிக்கையின்படி, உலகில் ஆறு பேரில் ஒருவர் இத்துயரால் பாதிக்கப்பட்டுள்ளார். இதயநோய், பக்கவாதம், மனச்சோர்வு முதலியவற்றிற்கும் இதற்கும் தொடர்பு உண்டு என்று அவ்வறிக்கை கூறுகிறது. முதியோர் மட்டுமே இதனால் வருந்துவர் என்பது உண்மையன்று. 13 முதல் 29 வயது வரை உள்ளோரில் 17 முதல் 21 விழுக்காட்டினர் தாம் தனிமையாக உணர்வதாகக் கூறியுள்ளனர். எனவே, ஆச்சியின் துயர் பேரனுக்கும் வரக்கூடும். புதிய பள்ளியில் சேர்ந்து, உணவு இடைவேளையில் தனியே அமர்ந்திருக்கும் மாணவர் அதனை நன்கு அறிவார்.

ஏழு வீடுகளுக்கு ஒரு முற்றம்

அருகருகே வாழ்ந்தால் மட்டும் உறவு உண்டாகிவிடுவதில்லை. அதற்கு முதலில் ஒரு பொது இடம் வேண்டும். இதனை நன்கு உணர்ந்தவர், நவி மும்பைத் திட்டத்தை முன்வைத்த மூவருள் ஒருவரான சார்லஸ் கொரியா. வாஷியிலிருந்து சிறிது தொலைவில் உள்ள பேலாப்பூரில், 1980-களில் 'கலைஞர் கிராமம்' என்னும் குடியிருப்பை அவர் வடிவமைத்தார். அங்கு ஏழு வீடுகள் ஒரு முற்றத்தைச் சுற்றி அமைந்தன. அம்முற்றம் ஏறத்தாழ 8 மீட்டர் நீளமும் அதே அளவு அகலமும் உடையது. அத்தகைய மூன்று தொகுதிகள் சேர்ந்து, அதாவது 21 வீடுகள், சற்றுப் பெரிய வெளி ஒன்றைச் சூழ்ந்தன.

வீட்டை விட்டு வெளியே வருபவர் முதலில் கால் வைக்கும் இடம் அம்முற்றமே. அங்குத் துணி உலர்த்துவோரையும் விளையாடும் குழந்தைகளையும் காணாமல் அவர் தெருவிற்குச் செல்ல இயலாது. வீட்டிற்குள் தனிமையும் வேண்டும். வெளியே உறவும் வேண்டும் என்னும் இரண்டையும் அவ்வமைப்பு நிறைவு செய்தது. பிற்காலத்தில் வீடுகள் பல இடித்து உயர்த்திக் கட்டப்பட்டன. முற்றங்களோ இன்றும் உள்ளன.

இடம் மட்டும் போதுமா? போதாது. மீண்டும் மீண்டும் சந்திக்கும் வழக்கமும் வேண்டும். திருவள்ளுவர் நட்பைப் பற்றி ஐந்து அதிகாரங்கள் வகுத்துள்ளார். அவற்றுள் ஒன்றின் பெயர் 'பழைமை'. நெடுநாள் பழகியதால் உண்டாகும் உரிமையை அது குறிக்கும். நீண்ட பழக்கத்திற்கே உரிய நம்பிக்கையை ஒருநாள் உதவியால் பெற இயலாது.

2005-ஆம் ஆண்டு சூலை 26 அன்று மும்பையில் பெய்த பெருமழை இவ்வுண்மையை உணர்த்தும். சாந்தாகுரூசில் 24 மணி நேரத்தில் 944 மில்லிமீட்டர் மழை பதிவாயிற்று. ரயில்கள் நின்றன. மக்கள் இடுப்பளவு நீரில் நடந்தே வீடு திரும்பினர். வழிநெடுகிலும் குடியிருப்போர் தேநீரும் பிசுகோத்தும் குடிநீரும் வழங்கினர். முன்பின் அறியாதவரைத் தம் வீட்டில் தங்கவைத்தனர். நகர மக்களிடம் அன்பு இல்லை என்னும் குற்றச்சாட்டை அந்த இரவு பொய்யாக்கியது. ஆனால், வெள்ளம் வடிந்தது. பலருடைய கதவுகள் மீண்டும் மூடிக்கொண்டன. அன்பு இருந்தது, அதனை நாள்தோறும் புழங்கும் வழக்கம் இல்லை.

முதற்சொல்

இடமும் வழக்கமும் வாய்த்தாலும், யாரேனும் ஒருவர் முதற்சொல்லைச் சொல்ல வேண்டும். ஏழாவது மாடியில் அதனைச் சொன்னவன் பேரன்.

ஒரு ஞாயிற்றுக்கிழமை மாலை மின்சாரம் நின்றது. புழுக்கம் தாளாமல் ஆச்சி கதவைத் திறந்து, வாயிற்படியில் அமர்ந்தார். எதிர்வீட்டு மராத்தியப் பாட்டியும் வெளியே வந்து அமர்ந்தார். அவருடைய மகன் வெளிநாட்டில் இருக்கிறார். அவரும் பகலெல்லாம் தனியே இருப்பவர். இருவரும் புன்னகை செய்தனர். அதற்கு மேல் என்ன சொல்வதென்று இருவருக்கும் தெரியவில்லை. பேரன் இருவருக்கும் நடுவே அமர்ந்தான்.

"ஆச்சி, இவர்களை மராத்தியில் 'ஆஜி' என்று அழைப்பார்கள். உங்களைப் போலத்தான்" என்றான். பிறகு, எதிர்வீட்டுப் பாட்டியிடம் ஆச்சியைக் காட்டி, "இவர் என் ஆச்சி" என்று மராத்தியில் சொன்னான்.

"ஆஜியா? ஆச்சியா?" என்று இருவரும் மாறி மாறிச் சொல்லிப் பார்த்துச் சிரித்தனர். அடுத்து அக்கா, அண்ணா என்னும் சொற்கள் இரு மொழியிலும் இருப்பதைக் கண்டனர். ஆஜி செய்யும் போளி ஆச்சிக்கும் தெரிந்ததே. தஞ்சையை மராத்திய அரசர்கள் 1855 வரை ஆண்டனர் என்பதைப் பேரன் சமூக அறிவியல் பாடத்தில் படித்திருந்தான். அப்படியானால் இரு மொழியினரும் பழைய அண்டை வீட்டார் அல்லவா?

அன்று மாலை முழுவதும் பேரனுக்கு ஓய்வில்லை. ஆச்சி சொன்னதை மராத்தியில் சொல்ல, முதலில் அவனுக்கு அது தமிழில் முழுமையாகப் புரிய வேண்டியிருந்தது. "அடைக்காய் என்றால் என்ன ஆச்சி?", "களத்துமேடு என்றால்?" என்று கேட்டுக்கொண்டே இருந்தான். ஓராண்டாகச் சுருங்கியிருந்த ஆச்சியின் பேச்சு மீண்டும் நீண்டது.

மறுநாள் மாலை, மின்சாரம் இருந்தும் இரு கதவுகளும் திறந்தன. அதற்கு அடுத்த நாளும் திறந்தன. இருவரும் கூடி வாயிலில் கோலமிட்டனர். ஆஜி அதனை 'ராங்கோளி' என்றார். ஒரு வாரம் சென்றது. ஊருக்குச் செல்வதைப் பற்றி மகன் தயங்கித் தயங்கிக் கேட்டார். "ஆஜிக்கு முழங்காலில் வலி. அவள் தேறட்டும், பார்க்கலாம்" என்றார் ஆச்சி.

மாடிக் குடியிருப்பில் முற்றம் அமைப்பது எளிதன்று. ஆனால், இரு வாயிற்படிகளுக்கு இடையே உள்ள ஆறடி இடம் எல்லா மாடிகளிலும் உண்டு. மூவருக்கு உரிய இருக்கை எவ்வாறு நால்வருக்கு இடமளிக்கிறதோ, அவ்வாறே அந்த ஆறடியும் முற்றமாகும். அதற்குத் தேவை ஒருவர் சற்றே நகர்ந்து இடம் தருவதுதான்.

அருஞ்சொற்பொருள்

கடற்கழி – நிலத்திற்குள் நீண்டு செல்லும் கடல்நீர்ப்பகுதி
தாழ்வாரம் – அறைகளின் முன்னுள்ள கூரையிட்ட நடைபாதை
அயலார் – பிறர், தொடர்பில்லாதவர்
அடைக்காய் – பாக்கு
களத்துமேடு – கதிரடிக்கும் களம் உள்ள மேட்டுநிலம்
மகராசி – நல்வாழ்வு வாழும் பெண் (வழக்குச்சொல்)

அறிந்துகொள்க

முதியோர் உதவி பெறுவதற்கான தேசியத் தொலைபேசி எண் 14567. குழந்தைகள் உதவி பெறுவதற்கான எண் 1098. இரண்டிற்கும் கட்டணம் இல்லை.

பயிற்சிகள்

அ. சரியா, தவறா என எழுதுக. தவறெனில் திருத்தி எழுதுக.
1. வாஷிக்கு ரயில் வந்த பின்னரே சாலைப்பாலம் திறக்கப்பட்டது.
2. தனிமைத்துயர் முதியோருக்கு மட்டுமே உரியது.
3. கலைஞர் கிராமத்தில் ஏழு வீடுகளுக்கு ஒரு முற்றம் அமைந்தது.

ஆ. ஓரிரு தொடர்களில் விடை எழுதுக.
1. 'சால்' குடியிருப்பின் நன்மை ஒன்றையும் குறை ஒன்றையும் குறிப்பிடுக.
2. தனித்திருத்தலுக்கும் தனித்துவிடப்படுதலுக்கும் உள்ள வேறுபாடு யாது?
3. ஆச்சியின் பேச்சு ஏன் சுருங்கியது? பின்னர் ஏன் நீண்டது?

இ. பத்து வரிகளில் விடை எழுதுக.
1. உறவு வளர்வதற்கு இடம், வழக்கம், முதற்சொல் ஆகிய மூன்றும் எவ்வாறு உதவுகின்றன? பாடத்தின்வழி விளக்குக.
2. "அவள் தேறட்டும், பார்க்கலாம்" என்று ஆச்சி கூறியதன் உட்பொருள் யாது?

ஈ. பிரித்து எழுதுக.
வாயிற்படி, பேச்சுத்துணை, தனித்திருத்தல், கடற்கழி

உ. செயல்பாடு
1. உங்கள் தாத்தா, பாட்டி அல்லது ஊரில் உள்ள மூத்த உறவினர் ஒருவரிடம் பத்து நிமிடங்கள் தமிழிலேயே உரையாடுக. உங்களுக்குப் புதிதாகக் கிடைத்த ஐந்து சொற்களைப் பொருளுடன் எழுதுக.
2. பாடத்தின் தொடக்கத்தில் எழுதிய விடைகளை மீண்டும் படிக்க. எதிர்வீட்டாரின் பெயர் தெரியாதிருந்தால், இவ்வாரத்திற்குள் பெற்றோருடன் சென்று அறிந்து வந்து எழுதுக.